நெல்லை வரலாற்றைக் கையால் தொட்டுப் பார்க்க ஒரு கூடம்: எதை வைக்கலாம், எது பழுதாகும்?

பாளைவாசி:

வணக்கம். பாளையங்கோட்டையில் எங்கள் வாசகர் வட்டத்துக்குப் பழைய ஓட்டுக் கட்டடம் ஒன்று கிடைத்திருக்கிறது. கூடம் 40க்கு 30 அடி, முன்னால் 8 அடித் திண்ணை, ஒரே வாசல். ஊரின் வரலாற்றையும் பண்பாட்டையும் பள்ளிப் பிள்ளைகள் தொட்டு, இழுத்து, தட்டித் தெரிந்துகொள்ளும்படி ஓர் அருங்காட்சியகம் அமைக்க வேண்டும். கண்ணாடிப் பெட்டிக்குள் பொருளை வைத்து அட்டை ஒட்டும் வகை வேண்டாம். ஒரு தடவைக்கு 40 பிள்ளைகள் வருவார்கள். பார்த்துக்கொள்ள இரண்டு பேர்.

நினைத்திருப்பவை: தாமிரபரணி மாதிரி, நெல்லையப்பர் கோயில் இசைத்தூண் போல ஒன்று, வில்லுப்பாட்டு, பத்தமடைப் பாய், நெல்லைப் பேச்சு கேட்கும் இடம், அல்வா வாசனைப் பெட்டி, ஆதிச்சநல்லூர் தாழி (அந்தக் காலத்தில் இறந்தவர்களை வைத்துப் புதைத்த பெரிய பானை), சுவரில் நாலு பெரிய தொடுதிரை. வயலில் கிடைத்த பழைய பானை ஓடுகளைத் தருகிறோம் என்று சிலர் சொல்கிறார்கள், வாங்கலாமா? எதை முதலில் செய்ய, எதை விட? அளவு, பொருள், பழுது எல்லாம் தெரிந்தவர்கள் விவரமாகச் சொல்லுங்கள்.

கடைமடை:

பாளைவாசி அண்ணாச்சி, முதலில் ஆறு. மற்றதெல்லாம் அதற்குப் பிறகுதான். மடையைத் திறந்து மூடி, தண்ணீர் எங்கே போகிறது, எங்கே போகாமல் நிற்கிறது என்று பிள்ளைகள் பார்த்துவிட்டால் இந்த ஊரின் பாதிக் கதை தெரிந்துவிடும்.

தாமிரபரணியில் எட்டு அணைக்கட்டு. மேலிருந்து வரிசையாக: கோடைமேலழகியான், நதியுண்ணி, கன்னடியன், அரியநாயகிபுரம், பழவூர், சுத்தமல்லி, மருதூர், ஸ்ரீவைகுண்டம். கடைசியில் இருக்கும் ஸ்ரீவைகுண்டம் 19ஆம் நூற்றாண்டில் ஆங்கிலேயர் ஆட்சியில் கட்டியது, மற்ற ஏழும் அதற்கு முந்தியவை. கோடைமேலழகியான், மருதூர், ஸ்ரீவைகுண்டம் மூன்றிலும் இரண்டிரண்டு கால்வாய், மற்ற ஐந்திலும் ஒவ்வொன்று, ஆக 11. அரியநாயகிபுரத்தில் கோடகன் கால்வாய், பழவூரில் பாளையங்கால்வாய், சுத்தமல்லியில் நெல்லைக் கால்வாய் பிரியும். பிள்ளைகள் தினமும் தாண்டி வரும் கால்வாய் இவற்றில் எது என்று அவர்களே தேடிப் பிடிக்கட்டும்.

மேசை 16 அடி நீளம், 4 அடி அகலம், உயரம் 2 அடி 4 அங்குலம். இதற்கு மேல் உயர்த்தினால் மூன்றாம் வகுப்புப் பிள்ளைக்கு எட்டாது. ஃபைபர் தொட்டியாக மூன்று துண்டில் செய்யுங்கள், ஒரே துண்டு வாசலில் நுழையாது. துண்டுகளை போல்ட் போட்டு இணைத்தால் ஆறு மாதத்தில் கசியும். அதனால் மேல் துண்டின் உதடு கீழ்த் துண்டுக்குள் ஓர் அங்குலம் இறங்கி நிற்கட்டும், தண்ணீர் அருவி போல அங்கே விழும். அந்த இறக்கத்தை ஓர் அணைக்கட்டு வரும் இடத்தில் வைத்துவிட்டால் இணைப்பு கண்ணில் படாது. சரிவு நூற்றுக்கு ஒன்று, மேசை முழுக்க 2 அங்குலம். உண்மையான சரிவைச் சுருக்கி வைக்கப் பார்த்தால் தண்ணீர் நகராது.

ஆற்றின் அகலம் 6 செ.மீ., கரை உயரம் 5 செ.மீ. மேசைக்கு அடியில் 60 லிட்டர் தொட்டி, அதில் 45 லிட்டர்தான் நிரப்ப வேண்டும், காரணம் பின்னால் சொல்கிறேன். பம்பு மணிக்கு 800 லிட்டர் போதும், அதாவது நிமிடத்துக்குச் சுமார் 13 லிட்டர். 12 வோல்ட் டிசி பம்பாக வாங்குங்கள். ஏர்கூலர் பம்பு மலிவு, ஆனால் அது 230 வோல்ட். பிள்ளைகள் கை வைக்கும் தண்ணீருக்குள் அதை இறக்கவே கூடாது.

இனி முக்கியமான கணக்கு. 11 மடையையும் முழுக்கத் திறந்தால் அவை இழுக்கும் தண்ணீர் பம்பு தருவதைப்போல ஒன்றரை மடங்கு இருக்க வேண்டும். அப்போதுதான் மேலே இருப்பவர்கள் எல்லாவற்றையும் திறந்துவிட்டால் ஸ்ரீவைகுண்டத்துக்குச் சொட்டுத் தண்ணீர் வராது. கால்வாயின் கடைசியில் வயல் வைத்திருக்கும் கடைமடைக்காரன் ஏன் சத்தம் போடுகிறான் என்று பிள்ளைக்கு அந்த இடத்தில் புரியும். மடை வாய் 15 மி.மீ. அகலம், 8 மி.மீ. உயரம், அணைக்குப் பின்னால் ஒரு செ.மீ. தண்ணீர் நின்றால் கணக்கு ஏறக்குறைய இந்த அளவுக்கு வரும். ஃபைபர் அச்சு எடுக்குமுன் தகரத்தில் ஓர் அணைக்கட்டு மட்டும் செய்து அளந்து பாருங்கள். மடை எல்லாம் பெரிதாகிவிட்டால் முதல் இரண்டு அணையிலேயே ஆறு வற்றிவிடும்.

மடைக் கதவுக்கு 4 மி.மீ. அக்ரிலிக், அது ஏறி இறங்கும் தடம் 6 மி.மீ. இறுக்கமாகச் செய்தால் உப்புப் படிந்து சிக்கிக்கொள்ளும். கதவு மேலே முழுதும் கழன்று வராதபடி ஒரு தடுப்புத் திருகு போடுங்கள், இல்லாவிட்டால் முதல் வாரத்திலேயே நாலு கதவு காணாமல் போகும். ஒவ்வொரு கால்வாய் முடிவிலும் ஒரு சிறு தட்டு வயலாக இருக்கட்டும், அதில் பச்சை நிறத் தக்கை மிதந்து எழுந்தால் வயல் பாய்ந்தது என்று அர்த்தம்.

ஆறு தொடங்கும் மேல்முனையில் ஒரு 10 லிட்டர் வாளியைச் சங்கிலியில் தொங்கவிட்டுக் கவிழ்க்கும்படி செய்தால் அதுதான் வெள்ளம். தொட்டியில் 15 லிட்டர் இடம் விடச் சொன்னது இதற்காகத்தான். ஆற்றின் நடுவில் ஒன்றரை செ.மீ. உயரத்தில் குறுக்குத்துறை முருகன் கோயிலை வையுங்கள். அது முங்குவதைப் பார்த்துத்தானே வெள்ளத்தின் அளவை ஊர் பேசுகிறது. 2023 டிசம்பர் வெள்ளத்தைப் பார்த்த பிள்ளைகளுக்கு விளக்கமே தேவைப்படாது.

செய்யக் கூடாதவை: உண்மையான மணல் கொட்டாதீர்கள், பம்பை அடைத்துவிடும், வேண்டுமானால் மணல் நிறத்தை ஃபைபரோடு சேர்த்துப் பூசலாம். ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீரில் உப்பு கூடுதல், அக்ரிலிக் வெள்ளை பூத்துப் போகும், ஆர்.ஓ. தண்ணீர் ஊற்றுங்கள். சனிக்கிழமை மாலை தொட்டியை முழுக்க வடித்துத் துடைத்துவிட வேண்டும். நின்ற தண்ணீரில் டெங்குக் கொசு ஒரு வாரம் பத்து நாளில் புழுவிலிருந்து கொசுவாகிவிடும். கோடை விடுமுறைக்குப் பூட்டும்போது இதை மறந்தால் அக்கம்பக்கத்து வீடுகளுக்குத்தான் கேடு.

கல்லோசை:

இசைத்தூண் பற்றி. கோயிலில் இருப்பது ஒரே கல்லில் பிரித்துக் குடைந்த சிறு தூண்களின் கொத்து. மேலும் கீழும் கல்லோடு சேர்ந்து நிற்பவை. அதன் பிரதியைச் சிமெண்டில் வார்த்தால் சத்தமே வராது. உள்ளே ஒலிபெருக்கி ஒளித்து வைப்பது பிள்ளைகளை ஏமாற்றுவது. கல்லில் நாதம் எப்படிப் பிறக்கிறது என்று காட்டுவதுதான் நோக்கம் என்றால் படுக்கைக் கல் வரிசை செய்யுங்கள்.

கருங்கல் பட்டை ஏழு அல்லது எட்டு. நீளமானது 60 செ.மீ., கனம் 3 செ.மீ., அகலம் 6 செ.மீ. நல்ல கல்லாக இருந்தால் 350 ஹெர்ட்ஸை ஒட்டிப் பேசும். கல்லுக்குக் கல் மாறும் என்பதால் முதலில் நீளமான பட்டையை அறுத்து, தட்டி, கைபேசிச் செயலியில் சுருதி பார்த்துவிட்டு மற்றவற்றைக் கணக்கிடுங்கள். அதே கனத்தில் ஒரு ஸ்தாயி மேலே போக நீளம் பாதியாக வேண்டியதில்லை, 0.707 மடங்கு போதும். 60 செ.மீ.க்கு மேல் ஸ்தாயி 42.4 செ.மீ.

பட்டையைத் தாங்கும் இடம்தான் உயிர். இரண்டு முனையிலிருந்தும் நீளத்தில் 22.4 சதவீதம் உள்ளே, 60 செ.மீ. கல்லுக்கு 13.4 செ.மீ. அங்கே மட்டும் ரப்பர் கயிறோ கம்பளித் துண்டோ வைத்துக் கிடத்துங்கள். முனையில் தாங்கினாலும் நடுவில் தாங்கினாலும் ‘டொக்’ என்று செத்த சத்தம்தான். சுருதி குறைவாக இருந்தால் முனையில் கொஞ்சம் தேய்க்க வேண்டும், கூடுதலாக இருந்தால் அடியில் நடுப்பகுதியைத் தேய்க்க வேண்டும். தேய்த்ததைத் திரும்ப ஒட்ட முடியாது, ஆகவே அறுக்கும்போதே 5 மி.மீ. நீளம் கூட்டி அறுங்கள்.

பட்டறையிலேயே ஒவ்வொரு கல்லையும் தொங்கவிட்டுத் தட்டிப் பாருங்கள். மயிரிழை விரிசல் இருந்தால் கண்ணுக்குத் தெரியாது, காதுக்குத் தெரியும். தட்டும் சுத்தி கெட்டி ரப்பரோ மரமோ, கயிற்றில் கட்டியது. இரும்பு கொடுத்தால் கல் சில்லு தெறிக்கும். கூடவே ஓர் அட்டையில், கோயில் தூணைத் தட்டிப் பார்க்கக் கூடாது என்று காரணத்தோடு எழுதுங்கள்: தட்டத் தட்டக் கல் தேய்ந்து விரிசல் விடும்.

வில்லுப்பாட்டுக்கு எந்த மின்னணுவும் வேண்டாம். வில், குடம், உடுக்கு, கட்டை, தாளம், எல்லாமே தட்டினால் பேசுபவை. வில் திண்ணையில் இருக்கட்டும். கூடத்துக்குள் வைத்தால் வேறு எதையும் கேட்க முடியாது. வில்லில் கட்டிய மணிகளை ஒவ்வொன்றாகக் கட்டாமல் கம்பியில் கோத்து இரண்டு முனையையும் முறுக்கி விடுங்கள். தோல் நாண் மழைக்காலத்தில் தளரும், பங்குனி வெயிலில் இறுகும், அதனால் இரவில் நாணைத் தளர்த்தி வைப்பது நல்லது. குடம் பிரிமணைமேல் உட்கார வேண்டும், வெறும் தரையில் வைத்தால் ஓசையும் அடங்கும், உடையவும் செய்யும். மாற்றுக் குடம் மூன்று கையிருப்பில் வேண்டும். வில்லின் நாணைத் தட்டும் வீசுகோலைப் போடும் முறையைக் கலைஞர் ஒருவரைக் கொண்டு படம் பிடித்துப் பக்கத்தில் ஓடவிடுங்கள், அவருக்கு உரிய சன்மானம் கொடுத்து, எழுத்தில் ஒப்புதல் வாங்கி. சாமியாட்டப் பாடலைப் பிள்ளைகள் விளையாட்டாகப் பாட வைக்க வேண்டாம், கோயில் கொடை விழா நடத்துகிற ஊர்களில் அது வழிபாடு.

தாழியும் ஓடும்:

பானை ஓடு கேள்விக்கு நேரான பதில்: வாங்காதீர்கள். மண்ணுக்குள்ளிருந்து கிடைத்த, பத்து ரூபாய்க்கு மேல் மதிப்புள்ள எதையும் மாவட்ட ஆட்சியருக்குத் தெரிவிக்க வேண்டும் என்பது 1878ஆம் ஆண்டுப் புதையல் சட்டம். நூறு ஆண்டுக்கு மேற்பட்ட தொல்பொருள்களுக்கு 1972ஆம் ஆண்டுச் சட்டமும் இருக்கிறது. சட்டத்தை விடவும் பெரிய காரணம், இடம் தெரியாத ஓடு எதையும் சொல்லாது. எந்த ஆழத்தில், எதோடு கிடந்தது என்பதில்தான் சேதி இருக்கிறது. தருகிறேன் என்பவரிடம், கிடைத்த இடத்தைக் கிளறாமல் கிராம நிர்வாக அலுவலருக்கோ தொல்லியல் துறைக்கோ சொல்லச் சொல்லுங்கள். நீங்கள் அதை வாங்கி மாட்டி வைத்தால் ஊரில் இன்னும் நாலு பேர் மண்வெட்டியோடு தாழிகள் புதைந்திருக்கும் பரம்பு மேட்டுக்குப் போவார்கள்.

அசலைப் பார்க்க இடங்கள் இருக்கின்றன. ஆதிச்சநல்லூரில் தோண்டிய குழியையே கண்ணாடித் தளத்துக்குக் கீழே பார்க்கலாம், ரெட்டியார்பட்டியில் பொருநை அருங்காட்சியகம் இருக்கிறது. உங்கள் கூடம் அவற்றோடு போட்டி போட வேண்டியதில்லை. அங்கே தொட முடியாததை இங்கே தொட விடுங்கள்.

காருகுறிச்சி மண்பாண்டத் தொழிலாளர்களிடம் ஒரு சிறு தாழியும், கருப்பு சிவப்புக் கிண்ணம் பத்தும் செய்யச் சொல்லலாம். கிண்ணத்தைக் கவிழ்த்துச் சுட்டால் காற்று புகாத உள்பக்கமும் விளிம்பும் கருப்பாகும், காற்றுப் பட்ட வெளிப்பக்கம் சிவப்பாகும். ஒன்றைக் கவிழ்த்தும் ஒன்றை நிமிர்த்தியும் சுட்டு இரண்டையும் கையில் கொடுத்தால் பிள்ளையே காரணம் கண்டுபிடிக்கும்.

உடைந்த பானையைப் பொருத்தும் விளையாட்டுக்குச் சுட்ட மண் ஓடு வேண்டாம். ஓரம் உதிர்ந்து, ஒரு மாதத்தில் எதுவும் எதோடும் பொருந்தாது. ஒரு பானையை 12 துண்டாக உடைத்து ஒவ்வொன்றுக்கும் ரப்பர் அச்சு எடுத்து ரெசினில் வாருங்கள். 12க்கு மேல் போனால் கொடுத்த நேரத்துக்குள் முடியாது. காந்தம் வைப்பதானால் வார்க்கும்போதே உள்ளே புதைக்க வேண்டும். ஒட்டினால் பெயர்ந்து விடும், சின்னக் காந்தத்தைக் குழந்தை விழுங்கினால் குடலுக்கே ஆபத்து. அச்சைப் பத்திரமாக வையுங்கள், துண்டு தொலையும், திரும்ப வார்க்கலாம்.

காலக்கோடு வரைவதாக இருந்தால் எழுதும் தேதிக்கு ஆதாரத்தையும் சேர்த்து எழுதுங்கள். சிவகளைத் தாழியில் கிடைத்த நெல் உமி கி.மு. 1155 என்று கரிமக் கணிப்பில் வந்தது. ஆதிச்சநல்லூரில் தொல்லியலாளர் அலெக்சாண்டர் ரீ தோண்டத் தொடங்கியது 1899இல். ‘பல்லாயிரம் ஆண்டு’ என்று மொட்டையாக எழுதிய பலகையைப் பிள்ளை மறந்துவிடும்.

பாளைவாசி:

எல்லாருக்கும் நன்றி. ஓடு வாங்கப் போவதில்லை. இரண்டு கேள்வி. தொடுதிரை நாலும் வேண்டாமா, ஒன்றாவது வைக்கலாமா? பாளையும் நெல்லையும் ஆற்றுக்கு அக்கரை இக்கரையாக இருந்த கதையை எப்படிக் காட்ட?

கடைமடை:

இரண்டாவதற்கு நான் சொல்கிறேன். சுலோச்சன முதலியார் பாலம். 1843 வரை இரண்டு ஊருக்கும் நடுவே பாலம் கிடையாது, தோணிதான். ஆட்சியர் அலுவலகத்தில் வேலை பார்த்தவர் தன் பணத்தைப் போட்டுக் கட்டியது. அந்த வளைவைப் பிள்ளைகளே அடுக்கட்டும்.

அரைவட்ட வளைவு, 15 கட்டை, ஒவ்வொன்றும் 12 பாகைக் கோணம். உள் ஆரம் 45 செ.மீ., கட்டையின் ஆழம் 12 செ.மீ. என்றால் உள்முகம் 9.4 செ.மீ., வெளிமுகம் 11.9 செ.மீ. வரும். குறுக்கு அகலம் 20 செ.மீ. வையுங்கள், குறைந்தால் பக்கவாட்டில் சாயும். கெட்டி ஈ.வி.ஏ. ஃபோம் நல்லது, மரக்கட்டை சரிந்தால் காலில் விழும். அரைவட்ட மரத் தாங்கிமேல் இரண்டு பக்கமிருந்தும் அடுக்கி வந்து, உச்சிக்கல்லைச் செருகி, தாங்கியைக் கீழே இறக்கி உருவ வேண்டும். தாங்கிக்குக் கீழே 3 செ.மீ. ஆப்பு வைத்தால்தான் இறக்க முடியும். ஆப்பு இல்லாமல் இழுத்தால் வளைவும் கூடவே வரும். அடிக்கட்டை இரண்டையும் தரையில் அசையாமல் திருகிவிடுங்கள், வளைவு எப்போதும் வெளிப்பக்கம் தள்ளும். கட்டைகளில் 1 முதல் 15 வரை எண் போடாதீர்கள், எல்லாம் ஒரே அளவு என்பதைக் கண்டுகொள்வதில்தான் மகிழ்ச்சி.

வயரிங்காரன்:

திரை ஒன்று போதும், அதுவும் பழைய வரைபடத்தின்மேல் இன்றைய வரைபடத்தை நகர்த்திப் பார்க்க மட்டும். நாலு திரை வைத்தால் பிள்ளைகள் ஆற்றை விட்டுவிட்டு அங்கேதான் நிற்பார்கள். ஓரத்தில் ஐ.ஆர். (அகச்சிவப்புக் கதிர்) சட்டகம் போட்ட திரையை ஓட்டுக் கட்டடத்தில் வைக்காதீர்கள். ஓட்டு இடுக்கில் விழும் வெயிலும், பூச்சியும், தூசியும் விரலாக எண்ணப்பட்டுத் திரை தானே நகரும். கைபேசி போன்ற கண்ணாடித் தொடுதிரையே சரி, ஆனால் ஆற்று மேசையில் நனைந்த கையோடு வந்து தொட்டால் அது தடுமாறும். இரண்டுக்கும் நடுவே ஒரு துண்டு தொங்கவிடுங்கள். படம் எல்லாம் அந்தக் கணினியிலேயே இருக்க வேண்டும், இணையத்தை நம்ப வேண்டாம்.

பேச்சு கேட்கும் இடத்துக்குப் பழைய டெலிபோன் கைப்பிடி நாலு. உள்ளே ஒலிப்பதிவை இயக்கும் டிஎஃப்பிளேயர் மினி பலகை, மைக்ரோ எஸ்டி அட்டை, 5 வோல்ட் சார்ஜர். கைப்பிடியை எடுத்தால் ஹூக் சுவிட்ச் தொடங்கும், வைத்தால் நிற்கும். கோப்புகளுக்கு 0001, 0002 என்று பெயரிட்டு, அந்த வரிசையிலேயே அட்டையில் ஏற்ற வேண்டும், பின்னால் ஏற்றியது கடைசியில்தான் ஒலிக்கும். கட்டுப்பாட்டுப் பலகை வைத்தால் ஆர்எக்ஸ் (கட்டளை வாங்கும்) கம்பியில் ஒரு கிலோ ஓம் மின்தடை போடுங்கள், போடாவிட்டால் இரைச்சல் கேட்கும். கைப்பிடி வயர்தான் முதலில் அறும், இரும்புச் சுருள் உறை போட்ட பொதுத் தொலைபேசி வயர் தேடுங்கள். ஒரு பதிவு 40 விநாடிக்கு மேல் வேண்டாம். சாரம், வாரியல், அங்கன, இங்கன, பைய போன்ற சொற்கள் தனியாக இல்லாமல் பேச்சுக்குள்ளேயே வரட்டும், பொருளைப் பிள்ளை ஊகிக்கட்டும்.

மின்சாரம்: ஆற்று மேசைக்குத் தனிக் கம்பி, 30 மில்லி ஆம்பியர் ஆர்சிசிபி (மின்கசிவு வந்தால் மின்சாரத்தைத் துண்டிக்கும் சுவிட்ச்) கட்டாயம், மாதம் ஒருமுறை அதன் சோதனைப் பொத்தானை அழுத்திப் பார்க்க வேண்டும். பிளக் எல்லாம் தரையிலிருந்து 4 அடி உயரத்தில். ஓட்டுக் கட்டடத்தில் எலியும் அணிலும் வயரைக் கடிக்கும், திறந்த வயர் ஓரடி கூட இல்லாமல் எல்லாம் பிவிசி குழாய்க்குள் போகட்டும். பொத்தான் வேண்டிய இடத்தில் வீடியோகேம் கடையில் வரும் 30 மி.மீ. பொத்தான், உள்ளிருக்கும் மைக்ரோ சுவிட்ச் மட்டும் மாற்றலாம், பத்து கூடுதலாக வாங்கி வையுங்கள். பிள்ளைகள் குத்துகிற குத்துக்கு எது தாங்குகிறது என்று அறிய, கொக்கிரகுளத்தில் 1987 முதல் நடக்கும் மாவட்ட அறிவியல் மையத்தில் கைப்பிடிகளும் திருகுகளும் எப்படிப் பொருத்தியிருக்கிறார்கள் என்று ஒரு நாள் குனிந்து பாருங்கள்.

அல்வா வாசனைப் பெட்டி வேண்டாம். நெய் நாளாக ஆகக் காறிப்போகும், எறும்பும் கரப்பானும் அங்கிருந்து மின்பெட்டிக்குள் போகும். பதிலாகத் திண்ணையில் ஊறிய சம்பா கோதுமையைக் கல்லுரலில் அரைத்துப் பால் பிழிய விடுங்கள், அன்றைக்கே கழுவி மூடிவிடலாம்.

கோரைக்காடு:

பாய் பற்றி யாரும் சொல்லவில்லை. பத்தமடைக் கோரையைக் கூடத்தில் மின்விசிறிக்கு நேராக வைக்காதீர்கள், காய்ந்து முறியும். நெய்யும் கோரையை ஈரத்துணியில் சுற்றி வைத்திருந்து கொடுக்க வேண்டும்.

முழுத் தறி வேண்டியதில்லை, இரண்டரை அடி அகலச் சட்டம் இரண்டு போதும். பாவு (நீளவாட்டில் ஓடுவது) பருத்தி நூல், ஊடு (குறுக்கே ஓடுவது) கோரை. பிள்ளைகள் கோரையை இறுக்கி இழுப்பார்கள், பத்து வரிசையில் நடுப்பகுதி இடுப்புப் போல ஒடுங்கிவிடும். சட்டத்தின் இரண்டு ஓரத்திலும் கெட்டிக் கம்பி ஒன்று நிறுத்தி அதையும் சேர்த்து நெய்யச் செய்தால் அகலம் மாறாது, முடிந்ததும் கம்பியை உருவிவிடலாம்.

அதைவிட நல்லது ஒன்று: ஒரு சாண் சதுரத்தில் மூன்று துண்டு, சாதாரணப் பாய், நடுத்தரம், பட்டுப்பாய். ஒரு துணிப் பைக்குள் கையை விட்டு விரலால் மட்டும் வித்தியாசம் சொல்ல வேண்டும். பட்டுப்பாய்க்குப் பச்சைக் கோரையை மெல்லிசாகக் கீறி, காயவைத்து, ஓடுகிற தண்ணீரில் நாள்கணக்கில் ஊறப்போட்டு எடுக்கிறார்கள். கீறாத கோரை ஒன்றையும் கீறியது ஒன்றையும் பக்கத்தில் கட்டித் தொங்கவிடுங்கள். பட்டுப்பாய்த் துண்டை மாதம் ஒன்று மாற்ற நேரிடும், கை வியர்வையில் கருக்கும், அதற்கும் பணம் ஒதுக்குங்கள்.

இந்தப் பையைப் பாளையங்கோட்டைப் பார்வையற்றோர் பள்ளிப் பிள்ளைகளிடம் முதலில் கொடுத்துச் சோதியுங்கள். தாழி, கல் வரிசை, வளைவு எல்லாவற்றையும் அவர்கள் தொட்டுப் பார்த்துச் சொல்லும் குறை நமக்குத் தெரியாததாக இருக்கும். படங்களுக்குச் சைகை மொழி சேர்க்கக் காது கேளாதோர் பள்ளியும் பக்கத்திலேயே இருக்கிறது. பலகைகளின் நடு உயரம் 120 செ.மீ., ஒரு பலகைக்கு 40 சொல், மேசைகளுக்கு நடுவே 4 அடி வழி, சக்கர நாற்காலி திரும்ப அது வேண்டும்.

40 பிள்ளைகளை எட்டு எட்டாகப் பிரியுங்கள். ஆறு, கல் வரிசை, வளைவு, தாழி, பாய் என்று ஐந்து இடம், இடத்துக்கு ஏழு நிமிடம். வில்லும் உரலும் டெலிபோனும் திண்ணையில், காத்திருக்கிற அடுத்த வகுப்புக்கு. முறை மாற வில்லின் மணியையே ஆட்டுங்கள், தனி மணி வேண்டாம்.